ராக்கெட் பாய்ந்த தெரு

கனடாவின் மான்ட்ரியல் நகரில் ஐஸ் ஹாக்கி வீரர்கள் கோல் மட்டும் போடவில்லை. ஒரு மொழி பேசும் மக்கள் தலைநிமிரவும் காரணமாக இருந்தார்கள். அரங்கம், தெரு, கல்லறை என்று நகரமே அவர்களின் கதையைச் சொல்கிறது.

மான்ட்ரியலின் மையப் பகுதியில், ட்ரம்மண்ட் தெருவுக்கும் ஸ்டான்லி தெருவுக்கும் நடுவில் கார்களை நிறுத்துவதற்கான கட்டடம் ஒன்று இருக்கிறது. ஆபீஸ் போகிறவர்கள் காலையில் காரை விட்டுவிட்டுப் போகிறார்கள், மாலையில் வந்து எடுத்துச் செல்கிறார்கள். பார்க்க ஒன்றுமே இல்லாத இடம். ஆனால் ஐஸ் ஹாக்கியின் வரலாற்றில் இதற்கு ஜென்ம பூமி அந்தஸ்து உண்டு. இங்கேதான் விக்டோரியா ஸ்கேட்டிங் அரங்கம் இருந்தது. 1875 மார்ச் 3ஆம் தேதி மாலை, ஜேம்ஸ் கிரைட்டன் என்பவர் அணிக்கு ஒன்பது பேர் வீதம் இரண்டு அணிகளைச் சேர்த்து, கூரைக்குக் கீழே முதல் முறையாக முறையான போட்டி ஒன்றை நடத்தினார். பந்து எகிறிப் பார்வையாளர்களின் முகத்தைப் பதம் பார்த்துவிடக் கூடாதே என்று தட்டையான மரத்துண்டை வைத்து ஆடினார்கள். இன்று உலகம் முழுக்க வீரர்கள் துரத்தும் கறுப்பு ரப்பர் வட்டின் முன்னோடி அது.

ஹாக்கி என்றதும் இந்தியர்களுக்கு தயான் சந்த்தும் புல்தரையும்தான் நினைவுக்கு வரும். லடாக்கின் உறைந்த குளங்களில் ஆடும் இளைஞர்களைத் தவிர்த்துப் பார்த்தால் ஐஸ் ஹாக்கி நமக்குத் தூரத்து உறவு. கோல்கீப்பரையும் சேர்த்து அணிக்கு ஆறு பேர், இருபது இருபது நிமிடங்களாக மூன்று பகுதிகள், காலில் இரும்புக் கத்தி பதித்த ஷூ, கையில் வளைந்த மட்டை. வட்டு மணிக்கு 160 கிலோமீட்டர் வேகத்தையும் தாண்டிப் பறக்கும். எதிராளியை உடம்பால் மோதித் தள்ளுவதற்கு விதிகளே இடம் தருகின்றன. ஆட்டம் முடியும்போது யாருக்காவது பல்லோ புருவமோ போயிருந்தால் யாரும் ஆச்சரியப்படுவதில்லை.

ஆனால் மான்ட்ரியலில் இந்த விளையாட்டைப் புரிந்துகொள்ள விதிகள் தெரிந்தால் போதாது. யார் எந்த மொழியில் பேசினார்கள் என்பதும் தெரிந்திருக்க வேண்டும்.

இரண்டு மொழி, ஒரே கூரை

கார் நிறுத்தும் அந்தக் கட்டடத்திலிருந்து சில அடி தூரத்தில் செயின்ட் கேத்தரின் தெரு. கடைகளும் ஓட்டல்களும் நெருக்கியடிக்கும் நீண்ட கடைத்தெரு. அதில் மேற்கு நோக்கி நடந்தால் அட்வாட்டர் சந்திப்பில் ஒரு பெரிய கட்டடம் நிற்கிறது. சினிமா தியேட்டர்கள், கடைகள், அலுவலகங்கள். 1924 முதல் 1996 வரை இதுதான் ஃபோரம். ஐஸ் ஹாக்கி உலகின் கோயில் என்று சொல்லப்பட்ட அரங்கம்.

இதைக் கட்டியது நகரத்தின் ஆங்கிலேய அணியான மரூன்ஸுக்காக. பிரெஞ்சுக்காரர்களின் அணி 1909 டிசம்பர் 4ஆம் தேதி தொடங்கப்பட்ட கனடியன்ஸ். அந்த அணியின் சொந்த அரங்கில் ஐஸ் தயாராகாததால், 1924 நவம்பர் 29ஆம் தேதி ஃபோரத்தின் முதல் போட்டியை ஆடும் வாய்ப்பு தற்செயலாக அதற்குக் கிடைத்தது. டொரன்டோ அணியை 7-1 என்று தோற்கடித்தது. 1926ல் கனடியன்ஸ் நிரந்தரமாகவே ஃபோரத்துக்குக் குடிவந்தது. 1938ல் மரூன்ஸ் கடையைக் கட்டியது. வந்த அணி நிலைத்தது, கட்டிய அணி காணாமல் போனது.

அந்தக் காலத்தில் மான்ட்ரியல் மக்களில் பெரும்பான்மையோர் பிரெஞ்சு பேசுகிறவர்கள். ஆனால் வங்கிகளும் பெரிய கம்பெனிகளும் ஆங்கிலம் பேசுகிறவர்கள் கையில். முதலாளி ஆங்கிலத்தில் உத்தரவு போட, தொழிலாளி பிரெஞ்சில் முணுமுணுத்தபடி வேலை செய்த ஊர். அந்தத் தொழிலாளி சனிக்கிழமை இரவு நிமிர்ந்து உட்கார்ந்த ஒரே இடம் ஃபோரத்தின் மலிவு விலை இருக்கைகள்தான்.

அங்கே முதல் கடவுளாக இருந்தவர் பிரெஞ்சுக்காரரே அல்ல. ஒன்டாரியோ மாநிலத்தில் பிறந்த ஹோவி மோரென்ஸ். அவரது வேகத்துக்கு மொழி தேவைப்படவில்லை. 1937 ஜனவரி 28ஆம் தேதி ஃபோரத்தில் ஆடும்போது அவர் கால் முறிந்தது. மார்ச் 8ஆம் தேதி மருத்துவமனையிலேயே இறந்தார். வயது 34. மூன்று நாள் கழித்து, அவர் ஆடிய அதே ஃபோரத்தில் இறுதிச் சடங்கு நடந்தது. ஆர்ப்பரித்துப் பழகிய கூட்டம் அன்று அமைதியாக உட்கார்ந்திருந்தது.

ரயில்வே தொழிலாளியின் மகன்

அந்த வெற்றிடத்தை நிரப்ப வந்தவர் மோரீஸ் ரிஷார். 1921 ஆகஸ்ட் 4ஆம் தேதி மான்ட்ரியலில் பிறந்தவர். எட்டுக் குழந்தைகளில் மூத்தவர். தந்தை கனடியன் பசிபிக் ரயில்வேயின் பட்டறையில் தொழிலாளி. நகரின் வடக்கு எல்லையில் ஓடும் பிரேரீஸ் ஆறு குளிர்காலத்தில் உறையும்போது அதுதான் பையனுக்கு மைதானம். வளர்ந்ததும் அவரும் பட்டறை வேலைக்குப் போனார்.

ஆரம்பம் சுபமாக இல்லை. இளம் வயதில் ஒரு முறை கணுக்கால் முறிந்தது, பிறகு மணிக்கட்டு. 1942ல் கனடியன்ஸில் சேர்ந்து 16 போட்டிகள் ஆடுவதற்குள் இன்னொரு கணுக்காலும் போனது. யுத்த காலத்தில் ராணுவத்தில் சேரப் போனபோது, எலும்புகளைப் பார்த்த டாக்டர்கள் லாயக்கில்லை என்று திருப்பி அனுப்பினார்கள். தொட்டால் உடைகிற ஆள் என்று அணி நிர்வாகமே சந்தேகப்பட்டது. 1943ல் மகள் பிறந்தபோது குழந்தையின் எடை ஒன்பது பவுண்டு. ரிஷார் தன் பழைய 15ஆம் எண்ணை விட்டுவிட்டு 9ஆம் எண் சட்டையைக் கேட்டு வாங்கிக்கொண்டார். கியூபெக் மாநிலத்துச் சிறுவர்கள் ஒரு தலைமுறை முழுக்கக் கேட்டு அழுத சட்டை அதுதான்.

1944 டிசம்பர் 28. அன்று பகலெல்லாம் ரிஷார் வீடு மாற்றிக்கொண்டிருந்தார். மேஜை, கட்டில் என்று சுமந்து களைத்துப்போய் மாலையில் ஃபோரத்துக்கு வந்தவர், டெட்ராய்ட் அணிக்கு எதிராக ஐந்து கோல் போட்டு, இன்னும் மூன்று கோல்களுக்கு உதவினார். ஒரே போட்டியில் எட்டுப் புள்ளிகள். 1976ல் டொரன்டோவின் டேரில் சிட்லர் பத்துப் புள்ளிகள் எடுக்கும்வரை யாரும் அதைத் தாண்டவில்லை. அந்த 1944-45 பருவத்தை அவர் 50 போட்டிகளில் 50 கோல்களுடன் முடித்தார். அதற்கு முன் ஒரு பருவத்தில் அதிகபட்சம் 44தான். நல்ல வீரர்கள் பலரும் யுத்தத்துக்குப் போய்விட்டதால் வந்த சாதனை என்று சிலர் உதட்டைப் பிதுக்கினார்கள். ஆனால் யுத்தம் முடிந்து எல்லோரும் திரும்பி வந்த பிறகும், 50 போட்டிகளில் 50 கோல் என்ற கணக்கை இன்னொருவர் எட்ட 36 ஆண்டுகள் ஆயின. 1981ல் நியூயார்க்கின் மைக் பாஸி அதைச் செய்தார்.

வட்டோடு கோலை நோக்கிப் பாயும்போது ரிஷாரின் கண்கள் எரியும் என்பார்கள் எதிரணி கோல்கீப்பர்கள். 'ராக்கெட்' என்ற பட்டப்பெயர் அப்படி ஒட்டிக்கொண்டது. 1952 ஏப்ரல் 8ஆம் தேதி பாஸ்டன் அணிக்கு எதிரான அரையிறுதியில் அடிபட்டு நினைவிழந்தார். கட்டுப் போட்டுக்கொண்டு, ரத்தம் வழியத் திரும்பி வந்து வெற்றி கோலைப் போட்டார். ஆட்டம் முடிந்ததும் பாஸ்டன் கோல்கீப்பர் அவரிடம் குனிந்து கைகுலுக்கும் புகைப்படம் இன்றும் கனடாவில் எல்லோருக்கும் தெரியும். அதே ஆண்டு நவம்பர் 8ஆம் தேதி தனது 325ஆவது கோலைப் போட்டு, லீக்கில் அதுவரை யாரும் எட்டாத உயரத்துக்குப் போனார்.

மார்ச் 17 இரவு

கோபமும் அதே அளவுக்கு இருந்தது. எதிராளிகள் அவரை மட்டையால் அடிப்பதும், சட்டையைப் பிடித்து இழுப்பதும், பிரெஞ்சுக்காரன் என்று வசைபாடுவதும் வழக்கம். அவர் திருப்பி அடித்தால் தண்டனை அவருக்கு. தண்டிக்கிறவர் லீக்கின் தலைவர் கிளாரன்ஸ் கேம்பல். ஆங்கிலம் பேசுகிற வக்கீல். அவரது அலுவலகமும் மான்ட்ரியலில்தான். 1954ல் ஒரு பிரெஞ்சு வாரப் பத்திரிகையில் வந்துகொண்டிருந்த தனது பத்தியில் ரிஷார் அவரைச் சர்வாதிகாரி என்று வர்ணித்தார். மன்னிப்புக் கேட்க வேண்டி வந்தது. பத்தி எழுதுவதும் நின்றுபோனது.

1955 மார்ச் 13ஆம் தேதி பாஸ்டனில் ஹால் லேகோவின் மட்டை ரிஷாரின் தலையைக் கிழித்தது. ரிஷார் அவரைத் தன் மட்டையால் தாக்கினார். தடுக்க வந்த நடுவர் ஒருவரையும் குத்தினார். மூன்று நாள் கழித்து கேம்பல் தீர்ப்புச் சொன்னார். பருவத்தில் மீதமிருந்த மூன்று போட்டிகளிலும், அதன் பின் கோப்பைக்கான ஆட்டங்கள் எதிலும் ரிஷார் ஆடக் கூடாது.

நடுவரை அடித்தது குற்றம். அதில் சந்தேகமில்லை. ஆனால் நகரத்தில் பிரெஞ்சு பேசியவர்கள் அதை அப்படிப் பார்க்கவில்லை. ஆலையிலும் ஆபீஸிலும் தினமும் தாங்கள் அனுபவித்ததை இப்போது தங்கள் நாயகனும் அனுபவிக்கிறான் என்று பார்த்தார்கள்.

அடுத்த நாள் மார்ச் 17. ஃபோரத்தில் டெட்ராய்ட்டுக்கு எதிரான போட்டி. வர வேண்டாம் என்ற எச்சரிக்கையை மீறி கேம்பல் வந்து தனது வழக்கமான இருக்கையில் உட்கார்ந்தார். தக்காளியும் முட்டையும் பறந்தன. முதல் பகுதி முடிந்தபோது டெட்ராய்ட் 4-1 என்று முன்னணியில் இருந்தது. அப்போது யாரோ கண்ணீர்ப் புகைக் குண்டு ஒன்றை வீசினார்கள். ஆயிரக்கணக்கானோர் இருமியபடி வெளியே ஓடினார்கள். போட்டி ரத்தாகி வெற்றி டெட்ராய்ட்டுக்குப் போனது. வெளியே காத்திருந்த கூட்டத்தோடு உள்ளிருந்த கூட்டமும் சேர்ந்து செயின்ட் கேத்தரின் தெருவில் கிழக்கு நோக்கிக் கிளம்பியது. கண்ணாடி ஜன்னல்கள் நொறுங்கின. கடைகள் சூறையாடப்பட்டன. நள்ளிரவுக்குப் பின்னும் அடங்கவில்லை.

மறுநாள் ரிஷார் ரேடியோவில் பேசினார். தண்டனையை ஏற்றுக்கொள்வதாகவும், அடுத்த ஆண்டு திரும்பி வந்து கோப்பையை வெல்ல உதவுவதாகவும் சொன்னார். ஊர் அடங்கியது. ஆனால் அவருக்கு ஆறாத காயம் ஒன்று மிஞ்சியது. அந்தப் பருவத்தில் அதிகப் புள்ளிகளுக்கான பட்டம் ஒரே ஒரு புள்ளியில் கைநழுவி, அவரது சக வீரர் ஜெஃப்ரியோனுக்குப் போனது. சொந்த ரசிகர்களே ஜெஃப்ரியோனைப் பார்த்துக் கூச்சல் போட்டார்கள். ரிஷார் தன் வாழ்நாளில் அந்தப் பட்டத்தை ஒரு முறைகூட வெல்லவில்லை.

சொன்ன வாக்கைக் காப்பாற்றினார். 1956 முதல் 1960 வரை தொடர்ந்து ஐந்து ஆண்டுகள் ஸ்டான்லி கோப்பை கனடியன்ஸுக்கு வந்தது. இடையில் 1957 அக்டோபர் 19ஆம் தேதி 500 கோல்களை எட்டிய முதல் வீரரானார். 1960 செப்டம்பரில் ஓய்வு பெற்றபோது கணக்கு: 978 போட்டிகள், 544 கோல்கள், எட்டுக் கோப்பைகள். அதே ஆண்டில் கியூபெக் அரசியலில் 'அமைதிப் புரட்சி' தொடங்கியது. 1977ல் பிரெஞ்சை ஆட்சியிலும் தொழிலிலும் முதன்மையாக்கும் சட்டம் வந்தது. அதற்கெல்லாம் முதல் பொறி 1955 மார்ச் 17 இரவில் விழுந்தது என்று எழுதும் வரலாற்றாசிரியர்கள் உண்டு. அது மிகைப்படுத்தல் என்பவர்களும் உண்டு. ரிஷார் இந்தச் சர்ச்சைக்குள் நுழைந்ததே இல்லை. நான் வெறும் ஹாக்கி ஆட்டக்காரன் என்பதே அவர் கடைசிவரை சொன்னது.

நான்கு சிலைகள்

1996 மார்ச் 11ஆம் தேதி ஃபோரத்தில் கடைசிப் போட்டி. மோரென்ஸின் இறுதிச் சடங்கு நடந்து சரியாக 59 ஆண்டுகள் முடிந்த நாள். ஆட்டம் முடிந்ததும் பழைய வீரர்களை ஒவ்வொருவராக அழைத்தார்கள். ரிஷாரின் பெயர் வந்ததும் கூட்டம் எழுந்து கைதட்ட ஆரம்பித்தது. ஏழு நிமிடங்களுக்கு மேல் நிற்கவில்லை. 74 வயதான மனிதர் கையசைத்துப் பார்த்தார், போதும் என்று சைகை காட்டினார், கடைசியில் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கைதட்டியவர்களில் பலர் அவர் ஆடியதை நேரில் பார்த்திராதவர்கள்.

ஐந்து நாள் கழித்துத் திறந்த புதிய அரங்கம் இப்போது பெல் சென்டர் என்று அழைக்கப்படுகிறது. பக்கத்திலேயே பழைய வின்ட்சர் ரயில் நிலையம். ரிஷாரின் தந்தைக்குச் சம்பளம் கொடுத்த கனடியன் பசிபிக் ரயில்வேயின் பழைய தலைமையகம். மகனின் அணி இன்று அதை ஒட்டியே ஆடுகிறது. கனடியன்ஸ் தனது நூற்றாண்டை ஒட்டி 2008ல் இந்த அரங்கின் வெளியே நான்கு சிலைகளை வைத்தது. மோரென்ஸ், ரிஷார், ழான் பெலிவோ, கீ லஃப்ளர்.

ரிஷார் நெருப்பு என்றால் பெலிவோ நீர். உயரமான, அமைதியான மனிதர். அவர் கியூபெக் நகரின் அணியை விட்டு வர மறுத்தபோது, அந்த அணி ஆடிய லீக்கையே கனடியன்ஸ் விலைக்கு வாங்கி அவரை 1953ல் அழைத்துவந்ததாகச் சொல்வார்கள். ஆட்டக்காரராகப் பத்துக் கோப்பைகள், 507 கோல்கள். 1994ல் கனடாவின் கவர்னர் ஜெனரல் பதவி தேடிவந்தது. தந்தையை இழந்த பேத்திகளுக்குத் தான் தேவை என்று மறுத்துவிட்டார். 2014 டிசம்பர் 2ஆம் தேதி இறந்தார். அடுத்து நடந்த போட்டியில் அவர் வழக்கமாக உட்காரும் இருக்கையைக் காலியாக விட்டு, அதன் மேல் விளக்கொளி பாய்ச்சினார்கள். அப்போது அரங்கம் நிறைந்தால் 21,287 பேர். அன்று அறிவிக்கப்பட்ட எண்ணிக்கை 21,286.

லஃப்ளர் 1970களின் நாயகன். ஹெல்மெட் இல்லாமல், தலைமுடி பின்னால் பறக்க ஓடுவார். அரங்கமே அவரது முதல் பெயரைச் சொல்லிக் கத்தும். தொடர்ந்து ஆறு பருவங்களில் 50 கோல்களும் 100 புள்ளிகளும் எடுத்த முதல் வீரர். 1984ல் மனக்கசப்போடு ஓய்வு பெற்றார். 1988ல் ஹாக்கியின் புகழ்மண்டபத்தில் இடம் கொடுத்தார்கள். இதோடு முடிந்தது என்று எல்லோரும் நினைத்தபோது, அதே ஆண்டு நியூயார்க் அணிக்கு ஆடத் திரும்பி வந்தார். 1989 பிப்ரவரியில் ஃபோரத்துக்கு எதிரணி வீரராக வந்து இரண்டு கோல் போட்டார். சொந்த அணிக்கு எதிராக விழுந்த கோலுக்கு மான்ட்ரியல் எழுந்து நின்று கைதட்டியது. 2022ல் அவர் இறந்தபோது கியூபெக் அரசு மரியாதையோடு இறுதிச் சடங்கு நடத்தியது.

மலைமேல் இரண்டு கல்லறைகள்

நகரத்துக்கு நடுவே நிற்கும் மவுன்ட் ராயல் குன்றின் மேல் இரண்டு பெரிய கல்லறைத் தோட்டங்கள் அடுத்தடுத்து இருக்கின்றன. ஒன்று கத்தோலிக்கர்களுடையது, பெரும்பாலும் பிரெஞ்சுப் பெயர்கள். இன்னொன்று புராட்டஸ்டன்ட்டுகளுடையது, பெரும்பாலும் ஆங்கிலப் பெயர்கள். செத்த பிறகும் மான்ட்ரியல் இரண்டாகத்தான் பிரிந்து கிடந்தது. மோரென்ஸ் இரண்டாவதில் படுத்திருக்கிறார். ரிஷார் முதலாவதில்.

2000 மே 27ஆம் தேதி ரிஷார் இறந்தார். அவரது உடல் அரங்கில் வைக்கப்பட்டபோது ஒரு லட்சத்துக்கும் அதிகமானோர் வரிசையில் நின்று அஞ்சலி செலுத்தினார்கள். நோட்ர டாம் தேவாலயத்தில் நடந்த அரசு மரியாதைச் சடங்கை கனடா முழுக்க டெலிவிஷனில் பார்த்தது. அரசியல்வாதிகளுக்கும் தலைவர்களுக்கும் கிடைக்கும் மரியாதை, பட்டறைத் தொழிலாளியாக வாழ்க்கையைத் தொடங்கி, ஓய்வுக்குப் பின் தூண்டில் நூல் விற்றுப் பிழைத்த ஒரு மனிதருக்குக் கிடைத்தது.

சாதனைகள் எல்லாம் போய்விட்டன. 544 கோல்கள் என்ற எண்ணைப் பலர் தாண்டினார்கள். வெய்ன் கிரெட்ஸ்கி 894 வரை போனார். 2025 ஏப்ரல் 6ஆம் தேதி ரஷ்யாவின் அலெக்ஸ் ஒவெச்கின் 895ஆவது கோலைப் போட்டு அதையும் கடந்தார். ஆனால் லீக்கில் ஒரு பருவத்தில் அதிக கோல் போடுகிறவருக்கு 1999 முதல் கொடுக்கப்படும் கோப்பையின் பெயர் மோரீஸ் ரிஷார் கோப்பை. ஒவெச்கின் அதை ஒன்பது முறை வாங்கியிருக்கிறார்.

கனடியன்ஸ் வென்ற ஸ்டான்லி கோப்பைகள் 24. வேறெந்த அணியும் இதன் அருகில்கூட வரவில்லை. ஆனால் கடைசியாக வென்றது 1993ல். அதற்குப் பின் 2025 வரை எந்தக் கனடா நாட்டு அணிக்கும் அந்தக் கோப்பை கிடைக்கவில்லை. மான்ட்ரியல்காரர்கள் இதைப் பற்றி மழை பொய்த்த விவசாயிகள் போலப் பேசுகிறார்கள்.

ஆனாலும் ஜனவரி வந்தால் நகராட்சி ஊழியர்கள் பூங்காக்களில் தண்ணீர் பாய்ச்சி உறையவிடுகிறார்கள். பள்ளி விட்டு வரும் சிறுவர் சிறுமியர் மட்டையோடு இறங்கிவிடுகிறார்கள். சத்தத்தில் பிரெஞ்சும் இருக்கிறது, ஆங்கிலமும் இருக்கிறது, அவர்களின் பெற்றோர்கள் எங்கெங்கிருந்தோ கொண்டுவந்த மொழிகளும் இருக்கின்றன. யாராவது ஒரு பிள்ளையின் முதுகில் இன்னமும் 9ஆம் எண் இருக்கும். அந்த எண்ணைக் கனடியன்ஸ் அணி 1960லேயே ரிஷாரோடு ஓய்வு கொடுத்துவிட்டது. பூங்காவில் அந்த விதி செல்லாது.